கிண்ணங்கள் நிறைய, பருவம் இல்லை: தீவகத்து உதைபந்தாட்டம்

செர்பியாவின் மேற்கே லுச்சானி என்று ஒரு சிற்றூர் இருக்கிறது. வெடிமருந்துத் தொழிற்சாலை ஒன்றைச் சுற்றி வளர்ந்த ஊர். 2011 குடிசனக் கணக்கெடுப்பில் அங்கே மூவாயிரத்துச் சொச்சம் பேர்தான் இருந்தார்கள். அந்த ஊரின் மிளாடோஸ்ற் கழகம் 2013-14 பருவத்தில் நாட்டின் இரண்டாம் பிரிவு லீக்கில் முதலிடம் பெற்று மேற்பிரிவுக்கு ஏறியது. ஏறியதோடு நிற்கவில்லை, 2016-17இல் நான்காம் இடத்தைப் பிடித்து ஐரோப்பியத் தகுதிச் சுற்றுக்கும் போனது. பெல்கிறேட்டின் றெட் ஸ்ரார், பார்ட்டிசான் போன்ற பெரிய கழகங்கள் இன்றும் பருவத்துக்கு ஒரு தடவையாவது லுச்சானிக்கு வந்து ஆடிவிட்டுப் போக வேண்டியிருக்கிறது.

யாழ்ப்பாணத்தை அடுத்த தீவகத்தில், நெடுந்தீவில் இன்று வாழ்வோர் தொகை ஏறக்குறைய நாலாயிரம். லுச்சானியை விடக் கொஞ்சம் கூட.

நெடுந்தீவில் பந்து இல்லையா, ஆடக் கால்கள் இல்லையா? இரண்டும் உண்டு. ஊர்காவற்றுறை, மெலிஞ்சிமுனை, நாரந்தனை, வேலணை, புங்குடுதீவு, நயினாதீவு என்று தீவகத்தின் எந்தக் கரையில் இறங்கினாலும் பின்னேரம் ஐந்து மணிக்கு ஏதோ ஒரு வெளியில் பெடியள் பந்து அடித்துக்கொண்டிருப்பார்கள். கத்தோலிக்க மீனவ ஊர்களில் ஞாயிற்றுக்கிழமை தொழிலுக்குப் போகாத வழக்கம் உண்டு. ஆகவே காலையில் பூசை, பின்னேரம் உதைபந்தாட்டம். கோயிலடி, வாசிகசாலை, மைதானம் மூன்றும் கூப்பிடு தூரத்தில் இருக்கும் ஊர்கள் இவை. ஊருக்கு ஒரு விளையாட்டுக் கழகமாவது இருக்கிறது. ஊர்காவற்றுறை புனித அந்தோனியார் கல்லூரி போன்ற பழைய பாடசாலைகள் தலைமுறை தலைமுறையாகப் பந்தைக் காலில் கொடுத்தே பிள்ளைகளை அனுப்பின. தீவகத்தில் இல்லாமல் இருப்பது வேறு ஒன்று: பருவம்.

பருவம் என்றால் வருடத்தில் இத்தனையாம் திகதி தொடங்கி இத்தனையாம் திகதி முடியும், ஒவ்வொரு கழகமும் மற்ற எல்லாக் கழகங்களோடும் மோதும், தோற்றாலும் அடுத்த கிழமை இன்னோர் ஆட்டம் இருக்கும், முடிவில் மேலே நிற்பவர் ஒரு பிரிவு ஏறுவார், அடியில் நிற்பவர் இறங்குவார் என்ற ஏற்பாடு. யாழ்ப்பாணக் குடாநாட்டிலும் தீவகத்திலும் உதைபந்தாட்டத்தின் இயல்பான வடிவம் இதுவாக இல்லை. இங்கே நடப்பது சுற்றுப்போட்டி. ஒருவரின் ஞாபகார்த்தமாக, அல்லது கழகத்தின் ஆண்டு நிறைவுக்காக, வெற்றிக்கிண்ணம் ஒன்று அறிவிக்கப்படும். விலகல் முறை. பெரும்பாலும் மின்னொளியில். இறுதியாட்டத்துக்குப் பிரதம விருந்தினர், சிறப்பு விருந்தினர், கௌரவ விருந்தினர், பாண்ட் வாத்தியம், மாலை. சமநிலையில் முடிந்தால் சமநிலைத் தவிர்ப்பு உதை. அடுத்த நாள் பத்திரிகையில் கிண்ணத்தோடு படம்.

இதில் ஒரு பரவசம் இருக்கிறது. அதை மறுக்க வேண்டியதில்லை. நாவாந்துறை சென்.மேரிஸ், குருநகர் பாடும்மீன், இளவாலை யங்ஹென்றிஸ், ஊரெழு றோயல், மயிலங்காடு ஞானமுருகன் போன்ற குடாநாட்டுக் கழகங்களின் பெயர்கள் வீட்டுக்கு வீடு தெரிந்த பெயர்களாக மாறியது இப்படியான இரவுகளால்தான். ஆனால் விலகல் முறைக்கு ஒரு கணக்கு உண்டு, அதை யாரும் உரக்கச் சொல்வதில்லை. 16 கழகங்கள் கலந்துகொண்டால் மொத்தம் 15 ஆட்டம். அவற்றில் எட்டுக் கழகங்கள் ஒரே ஆட்டத்தோடு வீட்டுக்குப் போகும். இன்னும் நான்கு, இரண்டு ஆட்டத்தோடு. நான்கு ஆட்டம் ஆடுவது இறுதிக்கு வரும் இரண்டே கழகங்கள். சிறிய தீவிலிருந்து கடல் கடந்து வரும் பலவீனமான அணி வருடத்தில் நான்கு சுற்றுப்போட்டிக்குப் போய், நான்கிலும் முதல் சுற்றில் தோற்றால், அந்த வருடம் அது ஆடியது நான்கே ஆட்டம். முழு நேரமும் ஆடியிருந்தால் 360 நிமிடம். அதிகம் ஆடித் தேற வேண்டிய அணிக்கே மிகக் குறைந்த ஆட்டம் கிடைக்கிறது. ஏற்கெனவே பலமானவர் மேலும் ஆடி மேலும் பலமாகிறார்.

செர்பியாவின் இரண்டாம் பிரிவோடு ஒப்பிட்டால் இது விளங்கும். அண்மைய ஆண்டுகளில் அங்கே 16 கழகங்கள். முதலில் 30 சுற்று, பிறகு மேல் எட்டும் கீழ் எட்டுமாகப் பிரிந்து இன்னும் ஏழு. ஆக 37 ஆட்டம், கடைசி இடத்தில் நின்று கீழிறங்கும் கழகத்துக்கும்தான். நிமிடத்தில் சொன்னால் 3,330. அதற்கும் கீழே பெல்கிறேட், வொய்வொதினா, கிழக்கு, மேற்கு என நான்கு பிராந்தியங்களாகப் பிரிந்த மூன்றாம் பிரிவு. அதற்கும் கீழே வலய, மாவட்ட லீக்குகள். ஒரு கிராமத்துக் கழகம் காகிதத்திலாவது அடிமட்டத்திலிருந்து உச்சி வரை ஏறலாம். ஏணியின் படிகள் இடையில் முறியவில்லை.

காகிதத்தில் மட்டுமா? பாச்கா தோபோலா என்ற ஊரின் கதை தீவகத்தவர் கவனித்துப் பார்க்க வேண்டியது. செர்பியாவின் வடக்கே, ஹங்கேரிய மொழி பேசுவோர் பெரும்பான்மையாக வாழும் ஊர் அது. மக்கள் தொகை 12,000 அளவில். சனம் குறைந்துகொண்டே போகிறது. இளையோர் மேற்கு ஐரோப்பாவுக்குப் போய்விடுகிறார்கள். (இந்த வரியில் ஊரின் பெயரை மட்டும் மாற்றினால் புங்குடுதீவு வந்துவிடும்.) அங்கே 1913இல் தொடங்கிய ரி.எஸ்.சி. கழகம் பல பத்தாண்டுகள் கீழ்ப் பிரிவுகளில் அலைந்தது. 2018-19இல் இரண்டாம் பிரிவை வென்று தன் வரலாற்றில் முதல் தடவையாக மேற்பிரிவுக்கு வந்தது. நான்கு வருடத்தில், 2022-23 பருவத்தில், றெட் ஸ்ராருக்கு அடுத்து இரண்டாம் இடம். 2023இல் ஐரோப்பா லீக்கின் குழுச் சுற்றில் லண்டன் வெஸ்ற்ஹாமுடன் மோதியபோது முதல் கோலைப் போட்டது இந்தச் சிற்றூர்க் கழகம்தான். கடைசியில் 3-1 என்று தோற்றது, அது வேறு விடயம்.

பணம் எங்கிருந்து வந்தது? பெரும்பகுதி எல்லைக்கு அப்பாலிருந்து. ஹங்கேரிய அரசு தன் மொழி பேசும் சிறுபான்மையினருக்கென ஒதுக்கிய நிதியில் பயிற்சிக் கழகம் எழும்பியது, 2021இல் புதிய அரங்கு திறந்தது. அதன் அரசியல் பற்றி ஆயிரம் கேள்வி கேட்கலாம், செர்பியாவிலும் கேட்கிறார்கள். ஆனால் வெளியிலிருந்து வந்த பணம் கிண்ணமாகவும் பரிசுத் தொகையாகவும் கரையாமல், சிறுவர் பயிற்சியாகவும் புல்தரையாகவும் நின்றது. தீவகத்துக்கும் வெளியிலிருந்து பணம் வருகிறது. அது எதுவாக மாறுகிறது என்பதில்தான் வித்தியாசம்.

செர்பியாவைப் பொற்காலமாகக் காட்டுவதும் பிழை. இரண்டாம் பிரிவில் சம்பளம் மாதக்கணக்கில் தாமதிப்பது, ஆட்டத்தை விற்றார்கள் என்ற குற்றச்சாட்டு, வெறிச்சோடிய அரங்குகள் எல்லாம் அங்கே பழக்கப்பட்ட செய்திகள். கொரோனா வருடமான 2019-20இல் முதலிடம் பெற்று மேலேறிய ஸ்லாதிபோர் சாயெற்றினா, அடுத்த பருவமே இறங்கிவிட்டது. ஏணி இருந்தால் விழவும் செய்வார்கள். விழுந்தவர்களுக்கு அடுத்த பருவம் இருந்தது என்பதுதான் இங்கே கவனிக்க வேண்டியது.

இலங்கையில் அந்த ஏணி எங்கே? நாட்டின் உதைபந்தாட்டச் சங்கம் 1939இல் உருவாகி 1952இல் பீபாவில் சேர்ந்தது. ஆசியாவில் பின்வரிசையில் வந்தவர்கள் அல்ல. 1995இல் தெற்காசியக் கிண்ணத்தை இந்தியாவை வீழ்த்தி வென்றார்கள். 1998இல் உலகத் தரவரிசையில் 122ஆம் இடம். அதன் பிறகு சறுக்கல். 2020களின் தொடக்கத்தில் 200ஐயும் தாண்டிய இடம். உள்நாட்டு லீக் பெயர் மாறி, வடிவம் மாறி, நின்று நின்று நடந்தது. 2021இல் தொழில்முறை என்று முழங்கிச் சுப்பர் லீக் தொடங்கியது. பத்துக் கழகங்கள், புளூ ஸ்ரார் சம்பியன். 2022இலும் 2023இலும் அது நடக்கவில்லை. 2023 ஜனவரி 21ஆம் திகதி பீபா இலங்கையைத் தடை செய்தது. ஓகஸ்ட் 28ஆம் திகதிதான் தடை நீங்கியது. உச்சியிலேயே பருவம் இல்லாத நாட்டில் இரண்டாம் பிரிவு, மூன்றாம் பிரிவு என்பவற்றின் கதியைத் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

அந்தப் பத்துக் கழகங்களில் வடக்கிலிருந்தோ கிழக்கிலிருந்தோ ஒன்றும் இல்லை. கொழும்பு, தென்மேற்குக் கரை, வென்னப்புவ, நாவலப்பிட்டி, மீதி முப்படைகள். தீவகத்தைச் சுற்றிய கடலில் முகாம் வைத்திருக்கும் கடற்படைக்கு சீ ஹோக்ஸ் என்ற பெயரில் அந்த லீக்கில் ஓர் அணி இருந்தது. தீவகத்துக்கு இல்லை, தீவகத்தை விடுங்கள், யாழ்ப்பாண நகருக்கே இல்லை.

ஆட்டம் தெரியாததால் நேர்ந்த நிலையா இது? 2022இல் மாகாண அணிகளுக்கிடையே நடந்த சுதந்திரக் கிண்ணத்தை வட மாகாணமே வென்றது. தேசிய அணியின் சட்டையை அணிந்த வடக்கு வீரர்கள், மன்னாரின் எடிசன் பிகுராடோ தொடக்கம் பலர். ஆனால் அவர்கள் தேசிய மட்டத்தில் தொடர்ந்து ஆடுவதற்கு கொழும்புக் கழகம் ஒன்றிலோ படை அணி ஒன்றிலோ சேர வேண்டியிருந்தது. ஆள் ஏறலாம், ஊர் ஏற முடியாது. இதுதான் இலங்கை உதைபந்தாட்டத்தின் பெரிய குறை. தீவகம் அதன் கடைசி முனை.

மைதானத்தின் கதையும் இதே போக்குத்தான். யாழ்ப்பாணம் துரையப்பா விளையாட்டரங்கு, 1975 ஜூலை 27ஆம் திகதி சுட்டுக் கொல்லப்பட்ட நகர முதல்வர் அல்பிரட் துரையப்பாவின் பெயரைத் தாங்கியது. போர்க்காலத்தில் சீரழிந்து, 1999இல் திருத்த வேலைக்காகத் தோண்டியபோது மனித எலும்புக்கூடுகள் கிளம்பிய இடம் அது. இந்திய நிதியுதவியில் புதுப்பிக்கப்பட்டு 2016 ஜூனில் மீண்டும் திறந்தது. தீவகத்து அணிக்குப் பெரிய ஆட்டம் என்றால் பண்ணைப் பாலம் தாண்டி அங்கேதான் போக வேண்டும். தீவகத்துக்குள்ளேயே ஒரு பெரிய அரங்கு வரப்போகிறது: 2025 செப்ரெம்பர் 1ஆம் திகதி மண்டைதீவில் ஜனாதிபதி அடிக்கல் நாட்டினார். அது துடுப்பாட்டத்துக்கு. யாழ்ப்பாணத்தின் பெயரைச் சூடிய அணி லங்கா பிரீமியர் லீக்கை 2020, 2021, 2022, 2024 என நான்கு தடவை வென்றது. அந்த வருடங்களில் ஓர் ஆட்டமாவது யாழ்ப்பாண மண்ணில் நடக்கவில்லை. பெயர் வடக்குக்கு, ஆட்டம் தெற்கில். மண்டைதீவு அரங்கு அதையாவது மாற்றினால் நல்லது. ஆனால் மண்டைதீவிலும் அல்லைப்பிட்டியிலும் சனம் காலால்தான் ஆடுகிறது.

இப்போது கடலுக்கு வருவோம், ஏனென்றால் தீவகத்தில் எந்தக் கதையும் கடைசியில் படகில்தான் நிற்கும். வேலணையும் ஊர்காவற்றுறையும் ஒரே நிலம். புங்குடுதீவுக்குத் தாம்போதி உண்டு. நயினாதீவுக்குக் குறிகட்டுவானிலிருந்து கால்மணி, இருபது நிமிடம். எழுவைதீவுக்கும் அனலைதீவுக்கும் ஊர்காவற்றுறையிலிருந்து போக வேண்டும். நெடுந்தீவுக்கு ஏறத்தாழ ஒரு மணித்தியாலம். குமுதினி, வடதாரகை, நெடுந்தாரகை என்று படகின் பெயரைச் சொன்னாலே அங்குள்ளவருக்கு நேரமும் அலையும் நினைவு வரும். காலையில் நெடுந்தீவிலிருந்து புறப்பட்டு, பின்னேரம் திரும்பும் ஒழுங்கு அது. யாழ்ப்பாணத்தில் ஆட்டம் தொடங்குவதும் பின்னேரம்தான். இறுதி விசில் ஊதும்போது கடைசிப் படகு போய்விட்டிருக்கும். எனவே நெடுந்தீவு அணிக்கு ஒரு ஆட்டம் என்றால் இரண்டு நாள்: பதினைந்து பேருக்குப் படகு, பேருந்து, சாப்பாடு, இரவு படுக்க ஓர் இடம். அதில் பாதிப்பேர் அன்றாடம் தொழிலுக்குப் போய் உழைப்பவர்கள். ஒரு ஆட்டத்தில் தோற்று விலகுவதற்கு இவ்வளவு செலவு! இதைக் கேட்டபின் நெடுந்தீவார் ஏன் வருவதில்லை என்று கேட்பது அநியாயம்.

காற்றும் கணக்கில் சேர வேண்டும். தை பிறந்து வாடை தணிந்தால் சித்திரை வரை கடல் அமைதி. வைகாசியில் சோளகம் எழும்பினால் ஆவணி, புரட்டாசி வரை நெடுந்தீவுக் கடல் சும்மா இருக்காது. ஐப்பசி தொடங்கி மார்கழி வரை மழை, மைதானம் குளம். இடையில் கச்சதீவு அந்தோனியார் திருவிழா, ஆனியில் நயினை நாகபூசணி அம்மன் திருவிழா. அந்த நாட்களில் படகும் கிடைக்காது, ஆளும் கிடைக்காது. ஆக மாசியிலிருந்து சித்திரை வரை மூன்று மாதம் நெடுந்தீவும் சேர்ந்து ஆடலாம். சோளக மாதங்களில் தாம்போதியால் இணைந்த ஊர்கள் தமக்குள் ஆடலாம். கொழும்பில் இருந்து வரும் அட்டவணையில் இந்தக் காற்றுகளுக்கு இடம் இல்லை. உள்ளூரில் ஒருவர் பஞ்சாங்கத்தையும் படகு நேரத்தையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு இருந்து எழுத வேண்டிய அட்டவணை இது.

தீவுகளில் லீக் நடத்த முடியாது என்பது உலகம் ஏற்கெனவே பொய்யாக்கிய பேச்சு. இங்கிலாந்தின் தென்மேற்கே சில்லித் தீவுகளில் சுமார் இரண்டாயிரம் பேர். ஒருகாலம் பல தீவுகளின் அணிகள் ஆடிய அங்கே இப்போது மிஞ்சியிருப்பது கரிசன் கன்னர்ஸ், வூல்பாக் வொண்டரேர்ஸ் என்ற இரண்டே கழகங்கள். அவை கிழமைக்குக் கிழமை ஒன்றையொன்று எதிர்த்து முழுப் பருவம் ஆடுகின்றன. புள்ளிப் பட்டியலும் உண்டு. உலகின் மிகச் சிறிய லீக் என்று அதற்குப் பெயர். பார்க்கச் சிரிப்பாக இருக்கலாம், ஆனால் அங்கே ஒரு பிள்ளைக்கு அடுத்த ஞாயிறு ஆட்டம் உண்டா என்ற சந்தேகம் இல்லை.

பரோயே தீவுகளின் கணக்கு இன்னும் பெரியது. 18 தீவுகள், ஐம்பதாயிரத்துச் சொச்சம் சனம், நம்மை விட மோசமான கடலும் காற்றும். 1942இலிருந்து அங்கே லீக் நடக்கிறது. 1990 செப்ரெம்பரில் தங்கள் முதலாவது ஐரோப்பியத் தகுதி ஆட்டத்தில் ஒஸ்திரியாவை 1-0 என்று வென்றார்கள். ஊரில் தகுந்த புல்தரை இல்லாததால் அந்த ஆட்டத்தைச் சுவீடனில் ஆட வேண்டியிருந்தது. 2023இல் கிளாக்ஸ்விக் என்ற ஐயாயிரம் பேர் ஊரின் கே.ஐ. கழகம் ஹங்கேரியின் பெரென்ஸ்வாறோசை வெளியேற்றி, பிறகு ஐரோப்பியக் குழுச் சுற்றுக்குள்ளும் நுழைந்தது. பக்கத்தில் பார்க்க விரும்புவோருக்கு இலட்சத்தீவு: இந்திய மாநில அணிகள் மோதும் சந்தோஷ் கிண்ணத்துக்கு 2017இல்தான் முதல் தடவையாக வந்தார்கள், வந்த கையோடு தெலங்கானாவை வென்றார்கள். கப்பல் அட்டவணையை நம்பி வாழும் மக்கள்தான் அவர்களும்.

தீவகத்துக்கு இவர்களிடம் இல்லாத ஒரு சுமை உண்டு. 1990, 1991 காலத்தில் படை நடவடிக்கைகளோடு ஊர் ஊராகச் சனம் வெளியேறியது. அணி ஒன்று நிலைப்பதற்கு அண்ணன் ஆடிய இடத்தில் தம்பி ஆட வேண்டும். இங்கே அண்ணன் பாரிசிலும் தம்பி ரொறன்ரோவிலும் இருந்தார்கள். ஆட்டமும் அவர்களோடு போனது. புலம்பெயர் நகரங்களில் ஊர்ப் பெயரில் கழகங்கள் ஆடின. தமிழீழ அணி என்ற பெயரில் ஓர் அணி, பீபாவில் இடம் இல்லாத அணிகளுக்கென 2012இல் குர்திஸ்தானில் நடந்த விவா உலகக் கிண்ணத்திலும், பின்னர் 2014இல் சுவீடனிலும் 2018இல் லண்டனிலும் நடந்த கொனிபா போட்டிகளிலும் ஆடியது. திரும்பி வந்து குடியேறியவர்கள் ஊரில் கழகத்தை மீட்டார்கள், ஆனால் எண்ணிக்கை குறைவு. பதினொருவரைச் சேர்க்கவே சில ஊர்களுக்குச் சிரமம். ஏழு பேர், ஒன்பது பேர் ஆட்டங்கள் பெருகியதற்கு இதுவும் காரணம். வெளியூரிலிருந்து ஆட்களை இரவல் எடுத்துக் கிண்ணத்தை வெல்லும் பழக்கமும் இதிலிருந்தே வருகிறது. அந்த வெற்றி ஊருக்கு எதையும் விட்டுச் செல்வதில்லை.

பாடசாலையும் உதவுவதாக இல்லை. தீவக வலயப் போட்டி, பிறகு மாகாணம், பிறகு தேசியம். எல்லாம் விலகல் முறைக்குக் கிட்டத்தான். வலயத்தில் தோற்ற பிள்ளைக்கு ஆட்டம் அடுத்த வருடம்.

செய்யக்கூடியது பெரிய காரியம் அல்ல. எட்டுக் கழகங்கள் போதும். ஒருவரோடொருவர் இரு தடவை ஆடினால் ஒவ்வொரு கழகத்துக்கும் 14 ஆட்டம், மொத்தம் 56. ஊர்காவற்றுறையில் ஒரு மைதானம், வேலணைப் பக்கம் ஒன்று, நெடுந்தீவில் ஒன்று. கடல் அமைதியான மாதங்களில் நெடுந்தீவார் வந்தால் சனியும் ஞாயிறும் இரு ஆட்டம் ஆடிவிட்டுப் போவார்கள். மற்றவர்கள் அங்கே போனாலும் அப்படியே. ஒரு பயணச் செலவில் இரண்டு ஆட்டம். இரவல் வீரர் கூடாது, பருவம் தொடங்குமுன் பதிந்த பெயர்களே ஆட வேண்டும். முதலிடம் பெறும் கழகத்துக்கு மாவட்ட மட்டத்தில் உறுதியான ஓர் இடத்தை லீக் நிர்வாகங்கள் எழுத்தில் தர வேண்டும். அந்தக் கடைசி நிபந்தனை இல்லாவிட்டால் மற்றவை எல்லாம் இன்னொரு சுற்றுப்போட்டியாகவே முடியும். யாழ்ப்பாணம், வலிகாமம், வடமராட்சி என லீக்குகள் பிரிந்து கிடக்கும் மாவட்டத்தில் இதுதான் கடினமான பேச்சுவார்த்தை. காசு அல்ல.

காசு ஏற்கெனவே வருகிறது. மின்விளக்கு வாடகை, பந்தல், ஒலிபெருக்கி, ஆளுயரக் கிண்ணம், பரிசுத் தொகை என்று ஒரே இரவில் செலவாவதில் ஒரு பகுதியே நெடுந்தீவு அணியின் படகுச் செலவுக்கும் நடுவர்களின் பயணப்படிக்கும் போதும். ரொறன்ரோவின் ஸ்காபரோவிலோ பாரிசின் லாசப்பலிலோ இருந்து ஊர்க் கழகத்துக்குக் காசு அனுப்புபவர்கள், அடுத்த தடவை செயலாளர் தொலைபேசியில் கூப்பிட்டு அப்பாவின் பெயரில் வெற்றிக்கிண்ணம் வைப்போமா என்று கேட்டால், அந்தப் பெயரில் ஒரு பருவத்தை நடத்தச் சொல்லுங்கள். காசு அனுப்புமுன் ஆட்ட அட்டவணையை அனுப்பச் சொல்லுங்கள்.